ஆளற்ற மேடைகள்: மலைநாட்டுப் புகையிரத நிலையங்களும் கமெராவின் பார்வையும்

1

புகையிரத நிலையமும் சலனப்படமும் மக்கள்முன் சேர்ந்தே தோன்றின எனலாம். 1896ஆம் ஆண்டின் தொடக்கத்திற் பிரான்சில் திரையிடப்பட்ட லூமியர் சகோதரரின் ‘லா சியோட்டா நிலையத்திற் புகையிரதத்தின் வருகை’ என்னும் படம் ஒரு நிமிடமும் நீடிப்பதன்று. தூரத்தே சிறிதாய்த் தோன்றும் எந்திரம் பெருத்து வந்து பார்ப்போரை நெருங்கும் அதிசயத்தைப் பற்றியே பலரும் எழுதியுள்ளனர். ஆயின், அப்படத்தை இன்று மீண்டும் நோக்குவோர் கண்ணிற் படுவது வேறொன்றாகும். வண்டி நின்றதும் மேடை முழுவதும் மனிதர் நிரம்புகின்றனர். இறங்குவோரும் ஏறுவோருமாகப் பலர் கமெராவைக் கடந்து செல்கின்றனர். நிலையத்தைக் காட்டிய தொடக்ககாலப் படமொன்று அதனை மனிதர் வந்துபோகும் இடமாகவே கண்டது.

நூற்றிருபது ஆண்டுகளின் பின்னர் இந்நிலை தலைகீழாயிற்று. எவரும் வராத நிலையங்களைத் தேடிச் சென்று படம்பிடித்தல் ஒரு தனி வகையாக வளர்ந்துள்ளது. பிரித்தானியாவில் ஒவ்வொரு நிலையத்தையும் எத்தனை பேர் பயன்படுத்தினர் என்ற மதிப்பீடு ஆண்டுதோறும் வெளியிடப்படுவதால், ‘மிகக் குறைவாகப் பயன்படும் நிலையம்’ எது என்பது அங்கு ஒரு கணக்குச் செய்தியாகவே கிடைக்கிறது. 2017ஆம் ஆண்டிலே ஜெஃப் மார்ஷல், விக்கி பைப் என்னும் இருவர் அந்நாட்டுத் தேசியப் புகையிரதச் சேவையின் 2,563 நிலையங்களுக்கும் சென்று தம் பயணத்தைப் படமாக்கினர். ஜப்பானில் மலைகளுக்கிடையே ஒதுங்கிய நிலையங்களைக் குறிப்பதற்கு ‘ஹிக்கியோ எக்கி’ என்ற தனிப்பெயரே உண்டு. அங்கு ஹொக்கைடோ தீவின் கியூ ஷிரத்தாக்கி நிலையம் 2016 மார்ச்சில் மூடப்பட்டது. அந்நிலையம் ஒரு பள்ளி மாணவிக்காகவே திறந்து வைக்கப்பட்டிருந்தது என்ற செய்தி உலகெங்கும் பரவியது. அச்செய்தி முழு உண்மையன்று எனப் பின்னர் தெரியவந்தது. எனினும் அது பரவிய வேகம் ஒன்றை உணர்த்துகிறது: வெறுமையான மேடையைக் காண்போர் மனம் அங்கு ஒரு மனிதமுகத்தைத் தேடுகிறது, கிடையாவிடத்து அதனைக் கற்பித்துக்கொள்ளவும் செய்கிறது.

இவ்வகைப் படங்களின் அலை இலங்கையின் மத்திய மலைநாட்டையும் வந்தடைந்துள்ளது. நாவலப்பிட்டியிலிருந்து பதுளை வரையிலான பாதையிலுள்ள சிறு நிலையங்கள் இன்று உள்நாட்டு ஆர்வலராலும் பிறநாட்டுப் பயணிகளாலும் ஓயாது படம்பிடிக்கப்படுகின்றன. இப்படங்கள் காட்டுவன யாவை, காட்டாது விடுவன யாவை என ஆராய்வது மலையகத் தமிழரின் வரலாற்றோடு நெருங்கிய தொடர்புடைய ஒரு திறனாய்வுப் பணியாகும்.

2

முதலில் இப்படங்களின் நற்பண்புகளை ஒப்புக்கொள்ளல் முறையாகும். இவற்றுட் சிறந்தவை பொறுமையுள்ளவை. இங்குறுஓயா, கலபொட, ரொசல்ல, கிரேட் வெஸ்டன், ராதல்ல, அம்பேவெல, பட்டிப்பொல, இதல்கஸ்ஹின்ன எனப் பெரும்பாலான பயணிகள் தூக்கத்திற் கடந்துபோகும் நிலையங்களில் இறங்கி, அடுத்த வண்டி வரும்வரை காத்திருந்து எடுக்கப்பட்டவை அவை. மூன்று மொழிகளிலும் எழுதிய பெயர்ப்பலகை, அதன் கீழே குறித்த உயரமும் தூரமும், இரும்புத் தூண்களில் தாங்கிய கூரை, நிலைய அதிபர் வளர்த்த பூச்செடிகள், மரப்பிடி தேய்ந்த சமிக்ஞை நெம்புகோல்கள் ஆகியன ஒவ்வொன்றும் அவற்றிற் பதிவாகின்றன. ஒற்றைத் தண்டவாளப் பாதையில் அடுத்த நிலையம் வரை செல்வதற்கான அனுமதியைக் குறிக்கும் உலோகத் தகட்டை வளையமொன்றிற் கோத்து நிலைய அதிபர் சாரதியிடம் நீட்டுவதும், அவர் அதனை ஓடும் வண்டியிலிருந்தே கைநீட்டி வாங்குவதும் பல படங்களில் இடம்பெறுகின்றன. விக்டோரியா காலத்துத் தொழில்நுட்ப முறையொன்று இருபத்தோராம் நூற்றாண்டிலும் இயங்கியமைக்கு இப்படங்கள் சான்றாகின்றன. அரச ஆவணக் காப்பகங்கள் பேணாத பலவற்றை இவ்வார்வலர் கைச்செலவிட்டுப் பேணியுள்ளனர்.

இப்பதிவுகளின் பெறுமதியை 2025ஆம் ஆண்டு எதிர்பாராத வகையில் உணர்த்தியது. அவ்வாண்டு நவம்பர் இறுதியில் டித்வா சூறாவளி கொணர்ந்த பெருமழையும் மண்சரிவுகளும் மலைநாட்டிற் பல உயிர்களைக் காவுகொண்டதோடு, புகையிரதப் பாதையையும் பல இடங்களிற் சிதைத்தன. மண்சரிவுக்கு முன்னர் பாதை எவ்வாறிருந்தது என்பதற்கு, பொழுதுபோக்காக எடுக்கப்பட்ட இப்படங்கள் இப்போது ஆதாரங்களாகிவிட்டன. ஆகவே இவற்றைப் பயனற்ற பொழுதுபோக்கென ஒதுக்குதல் பொருந்தாது.

ஆயினும், இப்படங்களைத் தொடர்ந்து பார்ப்போருக்கு ஓர் ஒருமைப்பாடு புலனாகும். பனிமூட்டம் வருகிறது. பெயர்ப்பலகை தெரிகிறது. மேடை வெறிச்சோடிக் கிடக்கிறது. தொலைவிற் கூவென்னும் ஒலி கேட்கிறது. நீலவண்டி வளைவிற் தோன்றி, நின்று, செல்கிறது. மீண்டும் அமைதி. தேயிலைச் செடிகளுக்கிடையே நிறப்புள்ளிகளாகக் கொழுந்து பறிக்கும் பெண்கள் தெரிகின்றனர். தண்டவாளத்தின் அருகே நிற்கும் சிறுவர் கையசைக்கின்றனர். ‘மறக்கப்பட்ட நிலையம்’, ‘தனிமையின் அழகு’ என்ற வகையிலான சொற்களோடு படம் முடிகிறது. யார் மறந்தனர் என்ற வினா எழுப்பப்படுவதில்லை. கையசைத்த சிறுவரின் பெயர் கேட்கப்படுவதில்லை. நிலையத்தைச் சுற்றி வாழும் மக்கள், நிலையத்தின் ‘ஆளற்ற’ தன்மைக்கு அலங்காரமாகவே இடம்பெறுகின்றனர். மனிதர் நிற்கும் இடத்தை ஆளற்ற இடமென்று கூறும் இம்முரண்பாடே இவ்வகைப் படங்களின் அடிப்படைக் குறையாகும்.

3

‘குறைந்த பயன்பாடு’ என்ற மதிப்பீட்டுக்கு ஓர் அளவுகோல் வேண்டும். அவ்வளவுகோல் வழக்கமாக வண்டியில் ஏறி இறங்கும் பயணிகளின் தொகையாகும். மலைநாட்டு நிலையங்களைப் பொறுத்தவரை இவ்வளவுகோல் தொடக்கத்திலிருந்தே பொருந்துவதன்று. இந்நிலையங்கள் பயணிகளை முதன்மையாகக் கருதிக் கட்டப்பட்டவை அல்ல. கோப்பியையும் பின்னர் தேயிலையையும் துறைமுகத்துக்கு இறக்கி, அரிசியையும் பிற பொருள்களையும் தோட்டங்களுக்கு ஏற்றும் தேவையே மலையைக் குடைந்து பாதை அமைக்கத் தூண்டியது. கண்டிக்கு 1867இலும் நாவலப்பிட்டிக்கு 1874இலும் புகையிரதம் வந்தது. அட்டனை 1884இலும் நானுஓயாவை 1885இலும் பண்டாரவளையை 1894இலும் அது எட்டியது. பதுளையைச் சென்றடைய 1924 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. இவ்வாண்டுகளை வரிசைப்படுத்தி நோக்கின் ஒரு செய்தி தெளிவாகும். 1869இல் கண்டறியப்பட்ட இலைநோய் கோப்பித் தோட்டங்களை அழித்து முடித்த வேளையிலேயே, கோப்பியை நம்பித் திட்டமிட்ட பாதை அட்டனை வந்தடைந்தது. வந்த பாதையைத் தேயிலை பயன்படுத்திக்கொண்டது. எனவே ‘பயன்’ என்பது இப்பாதையின் வரலாற்றிலே நிலையான பொருளுடையதாக என்றுமே இருந்ததில்லை. மூலதனத்தின் தேவைக்கேற்ப அது மாறிவந்துள்ளது.

இதற்கு மற்றுமோர் எடுத்துக்காட்டு உடப்புசல்லாவைப் பாதையாகும். நானுஓயாவிலிருந்து நுவரெலியா, கந்தப்பளை வழியாக இராகலை வரை இரண்டரை அடி அகலமுள்ள சிறுபாதையொன்று 1903, 1904ஆம் ஆண்டுகளிற் திறக்கப்பட்டது. வீதிப் போக்குவரத்தோடு போட்டியிட இயலாது 1940களில் அது மூடப்பட்டுத் தண்டவாளங்களும் அகற்றப்பட்டன. நுவரெலியா நகருக்குச் சொந்தமாகப் புகையிரத நிலையமில்லாத நிலை அன்று ஏற்பட்டதே. இராகலைக்கும் கந்தப்பளைக்கும் இன்று செல்லும் படப்பிடிப்பாளர் பழைய பாதையின் தடயங்களைத் தேடிப் புல்லுக்குள் நடக்கின்றனர். தடயங்களைத் தேடும் அவ்வூக்கம் பாராட்டத்தக்கது. ஆயின் அச்சிறுபாதை வழியே எவர் தலையில் எச்சுமை ஏறி இறங்கியது என்பதும் அத்தடயங்களுள் அடங்கும்.

நிலையத்தின் மற்றொரு பயன் எக்கணக்கிலும் ஏறாதது. பெருந்தோட்டம் தனியார் உடைமையாக இருந்த காலத்திலே, தொழிலாளர் வாழ்ந்த லயமும் அவர் நடந்த பாதையும் துரையின் அதிகாரத்துக்கு உட்பட்டவை. அனுமதியின்றித் தோட்டத்தினுள் நுழைந்தவர் அத்துமீறியவராகக் கருதப்பட்டார். 1931இல் அட்டனை நிலைக்களனாகக் கொண்டு தோட்டத் தொழிலாளருக்குத் தொழிற்சங்கம் அமைத்த கோ. நடேசய்யர் எதிர்கொண்ட முதற்தடையே இதுதான். இச்சூழலில் புகையிரத நிலையம் அரசுக்குரிய நிலம். துரையின் சொல் செல்லாத இடம். தோட்டத் தொழிலாளி தன் காலால் நடந்துசென்று பொதுமனிதனாக நிற்கக்கூடிய மிகச் சில இடங்களுள் அந்த மேடையும் ஒன்று. அங்கு அவன் வண்டியேறாது போயிருக்கலாம். ஊரிலிருந்து வந்தவரைச் சந்தித்திருக்கலாம், வேறு தோட்டத்து உறவினரிடம் செய்தி கேட்டிருக்கலாம், மழைக்கு ஒதுங்கியிருக்கலாம். பயணச்சீட்டுக் கணக்கு இவற்றை அறியாது. தண்டவாளத்தையே நடைபாதையாகக் கொண்டு பாடசாலைக்கும் கடைக்கும் செல்வோரும் அக்கணக்கில் இல்லை. வண்டியில் ஏறாதவர் நிலையத்தைப் பயன்படுத்தாதவர் என்று கொள்வது, வந்துபோகும் பயணியின் கண்ணால் மட்டும் அவ்விடத்தைக் காண்பதாகும்.

பெயர்களிலும் இதே நிலைமை உண்டு. அட்டனுக்கும் கொட்டகலைக்கும் இடையேயுள்ள, ஏறத்தாழ 560 மீற்றர் நீளமுள்ள சுரங்கப்பாதை ஆங்கில ஏடுகளில் பூல்பேங்க் என்ற பெயரைப் பெற்றது. மக்களோ அதனைச் சிங்கமலைச் சுரங்கம் என்கின்றனர். மக்களின் பெயரே இன்று நிலைபெற்றுவிட்டது. பெயர்ப்பலகையைப் படம்பிடிக்கும் கமெரா பலகையில் இல்லாத பெயர்களைக் கேட்டறிய வேண்டுமாயின், அருகில் நிற்பவரோடு பேசுதல் வேண்டும்.

4

மேடைகளின் வெறுமைக்கு வீதியும் லொறியும் பேருந்தும் மட்டுமே காரணமாகா. மலைநாட்டைப் பொறுத்தவரை வெறுமை என்பது அரசியற் செயலொன்றின் விளைவுமாகும்.

1948ஆம் ஆண்டின் குடியுரிமைச் சட்டம் இந்திய வம்சாவளித் தோட்டத் தொழிலாளரிற் பெரும்பாலாரை நாடற்றோராக்கியது. 1964 ஒக்டோபரில் கைச்சாத்தான சிறிமா-சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கு அனுப்பவும் 3,00,000 பேருக்கு இலங்கைக் குடியுரிமை வழங்கவும் வகைசெய்தது. எஞ்சிய 1,50,000 பேரை 1974ஆம் ஆண்டின் உடன்படிக்கை இரு நாடுகளுக்குமாகச் சரிபாதியாகப் பங்கிட்டது. பங்கிடப்பட்டோரிடம் விருப்பம் கேட்கப்பட்ட முறை பற்றிப் பலவும் எழுதப்பட்டுள்ளன. இங்கு கருதவேண்டியது அவர்கள் சென்ற வழியாகும். மலைநாட்டு நிலையங்களிற் புகையிரதமேறித் தலைமன்னார் சென்று, அங்கிருந்து கப்பலில் இராமேஸ்வரத்தை அடைந்தனர். 1980களின் நடுப்பகுதியிற் கப்பற் சேவை நிற்கும்வரை இவ்வாறு சென்றோர் தொகை மூன்று இலட்சத்தையும் கடந்தது. தாய் ஒரு நாட்டுக்கும் மகள் ஒரு நாட்டுக்குமாகப் பிரிந்த குடும்பங்கள் பல. பிரியும் வண்டியைப் பார்த்து மேடையில் நின்றோர் இறந்தோர்க்கு அழுவதுபோலவே அழுதனர். அதனால் அவ்வண்டிக்கு மக்கள் இட்ட பெயர் ‘ஒப்பாரிக் கோச்சி’. கோச்சி என்பது மலைநாட்டுப் பேச்சிலே புகையிரதத்தைக் குறிக்கும் சொல். மு. சிவலிங்கம் தமது சிறுகதைத் தொகுதியொன்றுக்கு அப்பெயரையே சூட்டினார்.

இச்சொல்லை மனத்திற் கொண்டு ‘தனிமையின் அழகு’ பேசும் படங்களை மீண்டும் நோக்குதல் வேண்டும். பனியிற் தனித்துக் கிடக்கும் அதே மேடையில் ஒருகாலத்தில் நூற்றுக்கணக்கானோர் திரண்டு நின்று அழுதனர். இன்று அங்கு ஏறுவார் இல்லையெனின், ஏறியோர் பலர் திரும்பாமையும் அதற்கொரு காரணமாகும். கமெரா தற்செயலான அமைதி எனக் கருதுவது திட்டமிட்டு உண்டாக்கப்பட்ட ஓர் இன்மையையும் உள்ளடக்கியது. வெறுமையை அழகாகக் காட்டுதல் தவறன்று. அவ்வெறுமை எவ்வாறு வந்தது என்பதை மறைத்து அழகாக்குவதே தவறு. அவ்வாறு செய்யும்போது அழகியல், தன்னை அறியாமலே, மக்களைக் கணக்கிலிருந்து நீக்கிய சட்டத்தின் பக்கம் சென்றுவிடுகிறது.

5

மலைநாட்டுப் புகையிரதத்தைப் படம்பிடித்தோர் இன்றைய ஆர்வலர் மட்டுமல்லர். மரபொன்று முன்னரே உண்டு. அதன் குறைகளையே இப்படங்கள் பெரிதும் தொடர்கின்றன. 1934இல் பசில் ரைட் இயக்கி ஜோன் கிரியர்சன் தயாரித்த ‘இலங்கையின் பாடல்’ உலக ஆவணப்பட வரலாற்றிற் போற்றப்படும் படமாகும். அதனைத் தொடக்கி வைத்தது இலங்கைத் தேயிலைப் பிரசாரச் சபை. நான்கு பகுதிகள் கொண்ட அப்படத்தின் மூன்றாம் பகுதி ‘வணிகத்தின் குரல்கள்’ எனப் பெயர்பெறும். காட்டை ஊடறுத்துச் செல்லும் புகையிரதமும் சந்தை நிலவரம் உரைக்கும் குரல்களும் அப்பகுதியில் இணைகின்றன. ஒலியையும் காட்சியையும் முரணாகச் சேர்த்து வணிகத்தின் ஊடுருவலை உணர்த்திய அத்திறன் வியக்கத்தக்கது. ஆயின் படத்தின் கனிவு முழுவதும் சிங்களக் கிராமத்தையும் பௌத்த வழிபாட்டையும் சார்ந்தது. அப்படத்துக்குச் செலவான பணத்தை விளைவித்த தமிழ்த் தொழிலாளியோ கொழுந்து பறிக்கும் உருவமாகச் சிறிதுநேரம் தோன்றி மறைகிறாள். புகையிரதம் உண்டு, தேயிலை உண்டு, அவற்றினிடையே நிற்கும் மனிதருக்குக் குரல் இல்லை.

1957இல் வெளிவந்த டேவிட் லீனின் ‘குவாய் நதிப் பாலம்’ மலைநாட்டின் எல்லையிலுள்ள கித்துல்கலையிற் படமாக்கப்பட்டது. சயாம்-பர்மா புகையிரதப் பாதையை யப்பானியர் அமைத்த கதை அது. அப்பாதையில் உயிர்நீத்த ஆசியத் தொழிலாளரின் தொகை போர்க்கைதிகளின் தொகையிலும் மிகுதியானது. அவர்களுட் பலர் மலாயாவிலிருந்து கொண்டுசெல்லப்பட்ட தமிழர். அவ்வரலாற்றை மலேசிய எழுத்தாளர் ஆர். சண்முகம் ‘சயாம் மரண ரயில்’ என்னும் நாவலாக்கினார். லீனின் கதையிலோ அத்தொழிலாளருக்கு இடமில்லை. இலங்கைத் தோட்டத் தமிழர் வாழும் மலைகளுக்கு அருகே பாலமொன்று கட்டி, தமிழர் மாண்ட பாதையின் கதையைத் தமிழரின்றி எடுத்தமை வரலாற்றின் கசப்பான ஒற்றுமைகளுள் ஒன்றாகும்.

அப்படப்பிடிப்பை மாணவப் பருவத்தில் நேரிற் கண்டமை தம்மைத் திரைப்படத்தின்பால் ஈர்த்ததாக மட்டக்களப்பைச் சேர்ந்த பாலு மகேந்திரா பின்னர் கூறியுள்ளார். அவர் 1982இல் இயக்கிய ‘மூன்றாம் பிறை’யின் இறுதிக் காட்சி நீலகிரி மலைப்பாதையின் கேத்தி நிலையத்தில் நிகழ்கிறது. மழை பெய்கிறது. வண்டி புறப்படுகிறது. தன்னை அறியாதவளாகிவிட்ட பெண்ணுக்குத் தன்னை நினைவூட்ட ஒருவன் மேடையிற் குரங்காட்டம் ஆடுகிறான். வண்டி செல்கிறது, அவன் எஞ்சுகிறான். சிறு மலைநிலையமொன்றைத் தமிழ்ப்படம் இத்துணை ஆழமாகப் பயன்படுத்தியமை அரிது. அங்கு மேடையின் வெறுமை அழகுக்கு உரியதன்று. வண்டி சென்றபின் எஞ்சியவனது வெறுமை அது. ஒரு நிலையத்தைப் படம்பிடித்தல் என்பதன் இலக்கணம் அக்காட்சியிற் கிடைக்கிறது.

இவ்விடத்திலே வரலாற்றுச் செய்தியொன்று மனங்கொள்ளத்தக்கது. ஒப்பாரிக் கோச்சியிற் சென்றோரிற் கணிசமானோர் குடியேற்றப்பட்ட மாவட்டங்களுள் நீலகிரியும் ஒன்று. அவர்களுக்கு வேலை வழங்கும் பொருட்டுத் தமிழக அரசு 1968 முதல் அங்கு தேயிலைத் தோட்டங்களை உருவாக்கியது. அட்டனிலும் தலவாக்கலையிலும் வண்டியேறியோர் மீண்டும் ஒரு மலையில், மீண்டும் தேயிலையினிடையே, மீண்டும் ஒரு சிறு புகையிரதப் பாதை செல்லும் மாவட்டத்தில் இறங்கினர். இருவரின் பிரிவைக் கேத்தி மேடையிற் கண்டு தமிழுலகம் கண்ணீர் விட்டது. அதே காலப்பகுதியில் மலைநாட்டு மேடைகளில் நிகழ்ந்த இலட்சக்கணக்கான பிரிவுகளுக்கு அத்தகைய ஒரு காட்சி வாய்க்கவில்லை. ஈழத்தில் வி. பி. கணேசன் தயாரித்து நடித்த ‘புதிய காற்று’ 1975இல் மலைநாட்டு வாழ்வைத் தமிழ்த் திரைக்குக் கொணர முயன்றது. 2013இல் சுமதி சிவமோகன் ‘இங்கிருந்து’ படத்தை எடுத்தார். இவ்வாறான முயற்சிகள் விரல்விட்டு எண்ணத்தக்கவை.

6

‘படம்பிடிக்கும் ஆர்வலர் வரலாற்றாசிரியர் அல்லர், விடுமுறை நாளில் ஒரு நிலையத்தை நாடிச் செல்வோரிடம் குடியுரிமைச் சட்டத்தை எதிர்பார்த்தல் தகுமா?’ எனச் சிலர் வினவலாம். வினா நியாயமானதே. ஒவ்வொரு படமும் வரலாற்று விரிவுரையாக வேண்டும் என்பது இங்கு வாதமன்று. விரிவுரை மிகுந்தால் படமும் கெடும். கேட்கப்படுவது கலைக்கு உட்பட்ட ஒன்றே. இவ்வகைப் படங்கள் தமக்கென வகுத்துக்கொண்ட நெறி பொறுமையாகும். அப்பொறுமையை வண்டிக்காக மட்டும் செலவிடாது மனிதருக்காகவும் செலவிடல் வேண்டும். வண்டி சென்றபின் கமெராவை மூடாது சற்று நேரம் வைத்திருந்தாற் போதும். தண்டவாளம் வழியே நடந்துவரும் பெண்ணொருத்தி அதனுள் வருவாள். ‘இந்த இடத்துக்கு நீங்கள் என்ன பெயர் சொல்வீர்கள்?’ என அவளிடம் ஒரு வினா கேட்டால், பெயர்ப்பலகை கூறாத வரலாறு வெளிப்படும். ‘உங்கள் வீட்டிலிருந்து இந்த மேடையில் வண்டியேறிப் போனவர் உண்டா?’ எனக் கேட்டால், விடை சொல்லும் முதியோர் இன்னும் உளர். அவர்கள் நெடுநாள் இரார்.

இப்பணி மலையகத்தின் இளைஞருக்கே முதலிற் கிட்டியது. அவர்களுட் பலரது கையிலும் இன்று படம்பிடிக்கும் கருவி உண்டு. அவர்களும் பிறர் வகுத்த பனிமூட்ட இலக்கணத்தையே பின்பற்றித் தம் ஊரைப் பயணியின் கண்ணாற் படம்பிடிப்பின் இழப்பு இருமடங்காகும். தலவாக்கலையின் முதற் பாராளுமன்ற உறுப்பினராக 1947இல் தெரிவான சி. வி. வேலுப்பிள்ளை, தாம் பிறந்த தோட்டத்து வாழ்வை எழுத்திற் பதித்தார். என். எஸ். எம். இராமையாவும் தெளிவத்தை ஜோசப்பும் அவ்வாறே தாம் அறிந்த மண்ணிலிருந்து எழுதினர். பச்சை மலையின் அழகை அவர்கள் மறுத்தாரல்லர். அப்பச்சையை யார் கை விளைவித்தது என்பதை அவர்கள் எழுத்து மறக்கவிடவில்லை. எழுத்தில் அவர்கள் நிகழ்த்தியதைக் காட்சியில் நிகழ்த்துதல் அடுத்த தலைமுறையின் கடனாகும்.

2023ஆம் ஆண்டில், மலையக மக்கள் இலங்கைக்கு வந்த இருநூறாவது ஆண்டை நினைவுகூர்ந்து, தலைமன்னாரிலிருந்து மாத்தளை வரை நடைபயணமொன்று நிகழ்ந்தது. முன்னோர் நடந்துவந்த வழி அது. ஒப்பாரிக் கோச்சி மக்களைக் கொண்டுசென்ற திசைக்கு எதிர்த்திசையும் அதுவே. நடந்தோர் நினைவிலிருந்த அவ்வழியை மலைநிலையங்களின் மேடை வரை நீட்டுவது கலைஞர் பொறுப்பு. சூறாவளி சிதைத்த பாதையைப் பொறியியலாளர் செப்பனிடுவர். பாதை திறந்தபின் அம்மேடைகளுக்குக் கமெராக்களும் திரும்பும். ஆளற்ற நிலையம் எனப் படத்துக்குப் பெயரிடுவதற்கு முன்னர், அங்கு நின்றோர் யார், சென்றோர் யார், இன்னும் நிற்போர் யார் என்று எண்ணிப் பார்க்கும் படப்பிடிப்பாளன் தோன்றின், லூமியர் சகோதரர் காட்டிய மனிதர் நிரம்பிய மேடை மலைநாட்டிலும் மீண்டும் கண்ணுக்குப் புலனாகும்.